கிழக்கு நோக்கிய பீடம்

சிங்கப்பூரின் புக்கிட் பாஞ்சாங்கில் சூரியன் காட்டிலிருந்து உதயமாகிறான். நாகப்பட்டினத்துக் கரையோரத்தில் கடலையே கீழ்த்திசை என்று எண்ணி வளர்ந்தவர்களின் சந்ததியில் வந்த எனக்கு, இங்கே குடியேறிய புதிதில், பதின்மூன்றாம் மாடியின் அடுப்பங்கரை ஜன்னலண்டை நின்று, விரைவுச்சாலைக்கு அப்பால் நீர்த்தேக்கங்களைச் சூழ்ந்து நிற்கும் பழைய வனத்தின் முடிமேல் அந்தச் செந்நிறம் படர்வதைக் காண்பது விநோதமாகவே இருந்தது. நிலநடுக்கோட்டிலிருந்து ஒன்றரைப் பாகைகூட விலகாத இந்தத் தீவில், கதிரவன் வருஷம் முழுவதும் ஏழு மணியை ஒட்டியே எழுகிறான். லண்டன் போன்ற வடதேச நகரங்களில் அவன் எழும் இடம் நேர்கிழக்கிலிருந்து கோடையில் நாற்பது பாகை வடக்கேயும் குளிர்காலத்தில் அதே அளவு தெற்கேயும் விலகிவிட, இங்கோ இருபத்துமூன்றரைப் பாகைக்கு மேல் அவன் நகர்வதே இல்லை. கிழக்கு என்ற சொல்லுக்கு உலகில் எங்கேனும் உறுதியான பொருள் உண்டென்றால், அது நம்மைப்போல் பூமியின் இடுப்பில் வசிப்பவர்களுக்குத்தான்.

எங்கள் மாடியில் வாழும் மலாய்க் குடும்பத்தார் பொழுது புலருமுன்னரே மேற்குக்குச் சற்று வடக்கே சாய்ந்து, மக்காவை நோக்கித் தொழுகிறார்கள். அடுத்த வீட்டு அம்மாள் கீழ்த்திசை பார்த்து விளக்கேற்றி வைக்கிறார். இவ்விருவருக்கும் தாம் நிற்கும் திசையின் காரணம் தெரியும், கேட்டால் சொல்லுவார்கள். ஞாயிறு தவறாமல் பூசைக்குச் செல்லும் கத்தோலிக்கனாகிய என்னிடம், உங்கள் கோயில்களில் பீடம் கிழக்கே இருக்கவேண்டும் என்று ஒரு விதி உண்டாமே, அது எதற்காக என்று அந்த அம்மாள் ஒரு நாள் வினவியபோது, எனக்கு உடனே விடை சொல்லத் தெரியவில்லை. அந்த வெட்கத்தின் விளைவே இக்கட்டுரை.

முதலில் நாவில் வந்த பதில், 'அந்தப் பக்கந்தான் எருசலேம் இருக்கிறது' என்பது. சொல்லி முடிக்குமுன்பே அது பிழையென்று விளங்கிவிட்டது. ஏனெனில், பிரான்சிலிருந்தோ இங்கிலாந்திலிருந்தோ பார்க்கிறவனுக்கு எருசலேம் தென்கிழக்கில் இருப்பது மெய்யே ஆனாலும், சிங்கப்பூரிலிருந்து பார்க்கிறவனுக்கு அது மேற்கிலன்றோ கிடக்கிறது! ஐரோப்பியருக்கு இந்தத் தவறு எளிதில் புலப்படாது. அவர்களுடைய நாட்டின் அமைப்பே அதை மறைத்துவிடுகிறது. புலப்படுத்துவதற்கு நம் பக்கத்துக் கிறிஸ்தவமே வேண்டியிருக்கிறது. அப்போஸ்தலர் தோமையாரின் பரம்பரையினர் என்று தம்மைச் சொல்லிக்கொள்ளும் கேரளத்துச் சுரியானிக் கிறிஸ்தவர்கள், மேல்நாட்டார் கப்பலேறி வருவதற்குப் பல நூற்றாண்டுகளுக்கு முன்பிருந்தே, 'மத்பஹா' என்று தாம் வழங்கும் திருப்பீட அறையைக் கோயிலின் கீழ்க்கோடியில் அமைத்து, எருசலேமுக்கு முதுகைக் காட்டியே ஆராதித்து வந்திருக்கிறார்கள். ஆகவே, ஓர் ஊரை நோக்கித் திரும்புவது யூதருக்கும் இஸ்லாமியருக்கும் உரிய மரபு. பாபிலோனில் சிறையிருந்த தானியேல் எருசலேமை நோக்கிய பலகணியைத் திறந்துவைத்து ஜெபித்ததும், தொடக்கத்தில் எருசலேமையே நோக்கியிருந்த இஸ்லாமியத் தொழுகை கி.பி. 624இல் மக்காவின் பக்கம் திருப்பப்பட்டதும் அந்த வகையைச் சேர்ந்தவை. கிறிஸ்தவனுடைய கிழக்கில் ஊர் எதுவும் இல்லை.

ஊர் இல்லையென்றால் சூரியன் இருக்கிறானே, அவனைத்தான் வேறு பெயரில் வணங்குகிறீர்கள் என்று கூறுவோர் இன்றும் உண்டு, அன்றும் இருந்தார்கள். கி.பி. 200ஐ ஒட்டி வட ஆப்பிரிக்கக் கரையிலிருந்த கார்த்தேஜ் நகரில் எழுதிய தெர்த்துல்லியன், கிறிஸ்தவர்கள் கிழக்கு நோக்கி ஜெபிப்பதைக் கண்டு அவர்களுடைய தெய்வம் சூரியனே என்று ஊரார் எண்ணிக்கொண்டார்களென்று குறித்து, அதை மறுத்திருக்கிறார். ஐந்தாம் நூற்றாண்டில் ரோமாபுரியில் பாப்பரசராயிருந்த பெரிய சிங்கராயருக்கோ மறுக்கவேண்டிய எதிராளி வெளியில் இல்லை. தம் மந்தையிலேயே இருந்தான். இராயப்பர் பேராலயத்தின் படிகளில் ஏறி வரும் விசுவாசிகள், வாசலண்டை வந்ததும் திரும்பி நின்று, உதிக்கும் கதிரவனுக்குத் தலை வணங்கிவிட்டு உள்ளே நுழைவதைக் கண்டு அவர் மனம் நொந்து, கிறிஸ்து பிறப்பு விழாப் பிரசங்கத்தில் அவர்களைக் கண்டித்திருக்கிறார். ஞாயிற்றுக்கும் நாளுக்கும் ஒரே பெயரிட்டு, அந்த நாளையே ஆண்டவரின் நாளாகக் கொண்டாடும் தமிழ்க் கிறிஸ்தவர்களாகிய நமக்கு, அந்த எளிய ரோமர்களிடம் அதிகக் கோபம் வருவதில்லை என்பதை ஒப்புக்கொள்ளத்தான் வேண்டும். ஆனால் சிங்கராயரின் கண்டனமே ஒன்றை நிரூபிக்கிறது: சூரியனை வணங்குவதும் சூரியன் வரும் திசையை நோக்கி நிற்பதும் வெவ்வேறு என்பதைத் திருச்சபை ஆதியிலேயே நன்றாக உணர்ந்திருந்தது.

அப்படியானால் அத்திசையில் இருப்பது என்ன? கிரேக்கப் பிதாக்களில் ஒருவரான புனித பசிலியார், நான்காம் நூற்றாண்டில் பரிசுத்த ஆவியைக் குறித்து எழுதிய நூலில், எழுதாமலே கைமாறி வந்த சம்பிரதாயங்களைப் பற்றிப் பேசுமிடத்தில், நாம் எல்லோரும் கிழக்கு நோக்கி ஜெபிக்கிறோம், ஆனால் இதனால் நம்முடைய பழைய தாயகத்தைத் தேடுகிறோம் என்பதை அறிந்தவர்கள் சிலரே என்ற கருத்தைச் சொல்லுகிறார். பழைய தாயகமாவது, ஆதியாகமம் கிழக்கே நடப்பட்டதாகக் கூறும் ஏதேன் தோட்டம். இதைப் படித்தபோது என் பாட்டனாரை நினைத்துக்கொண்டேன். அவர் 'ரஜூலா' என்னும் கப்பலில் நாகப்பட்டினத்திலிருந்து பினாங்கு வழியாகச் சிங்கப்பூர் வந்தவர். அந்தக் கப்பலின் மேல்தளத்தில் பாய் விரித்துப் படுத்திருந்தோரெல்லாம் கிழக்கு நோக்கியே பிரயாணம் செய்தவர்கள். ஆனால் அவர்கள் தேடி ஏங்கிய தாயகம் மேற்கே, பின்னால், நாளுக்கு நாள் விலகிக்கொண்டிருந்தது. தாயகத்தை முன்னால் வைத்துப் பிரயாணம் செய்வது மனிதருக்கு எளிதில் வாய்ப்பதல்ல. பசிலியார் சொல்லும் கிழக்கில், இழந்துவிட்ட தோட்டமும் இனி வரப்போகும் இராச்சியமும் ஒரே திசையில் வந்து நிற்கின்றன. மின்னல் கிழக்கில் தோன்றி மேற்குவரை ஒளிர்வதுபோல் மனுமகனின் வருகை இருக்கும் என்பது மத்தேயு சுவிசேஷத்திலுள்ள வாக்கு; நீதியின் சூரியன் உதிப்பார் என்பது மலாக்கி தீர்க்கதரிசியின் வாக்கு. இவ்விரண்டையும் நம்பிய மக்கள், வீட்டுக்கு வரும் விருந்தினரை எதிர்பார்த்துத் தெருவைப் பார்த்து நிற்பதுபோல், அவர் வரும் பக்கத்தைப் பார்த்து நின்றார்கள். விஷயம் இவ்வளவுதான், ஆயினும் இது சிறிதன்று. ஓர் இடத்தை நோக்குவது வேறு, ஒரு வருகையை நோக்குவது வேறு.

இந்த எதிர்பார்ப்பை ஆதிச் சபையார் உடம்பாலேயே நடித்துக் காட்டினார்கள். எருசலேமின் ஆயரான சிரில் நான்காம் நூற்றாண்டில் விவரித்திருக்கும் ஞானஸ்நானச் சடங்கில், தீட்சை பெற வந்தவன் முதலில் மேற்கே, இருளும் அஸ்தமனமும் உள்ள பக்கம் திரும்பி, கையை நீட்டிச் சாத்தானை எதிரில் நிற்பவனைப்போல் முன்னிலைப்படுத்திக் கைவிடுவான்; பின்பு அப்படியே சுழன்று கிழக்கே திரும்பி விசுவாசத்தை அறிக்கையிடுவான். மனந்திரும்புதல் என்று நாம் சொல்லுகிறோமே, அது அவர்களுக்கு மெய்யாகவே ஒரு திரும்புதலாயிருந்தது. அதே நூற்றாண்டில் தொகுக்கப்பட்ட அப்போஸ்தல விதிகள் என்ற நூல், ஆலயம் நீண்டதாக, தலைப்பக்கம் கிழக்கே இருக்க, ஒரு கப்பலைப்போல் அமையவேண்டுமென்று விதிக்கிறது. சபையார் கூடும் நடுக்கூடத்தைக் கப்பல் என்னும் பொருளுள்ள இலத்தீன் சொல்லாகிய 'நாவிஸ்' என்பதாலேயே மேல்நாட்டார் வழங்கினார்கள். நம் 'நாவாய்' காதில் ஒலிக்காமலா போகும்? கப்பலில் இருப்பவர் அனைவரும், மாலுமியும் பிரயாணியும், ஒரே பக்கம் பார்த்துப் போகிறார்கள். இதைப் பின்னர் சொல்லப்போவதற்காக இங்கே நினைவில் வைக்கவேண்டும்.

மொழியிலும் ஒரு வேடிக்கை இருக்கிறது. எழுகிறவன் என்று பொருள்படும் 'ஓரியென்ஸ்' என்பதே இலத்தீனில் கிழக்குக்குப் பெயர். திசையறிந்து நிற்பதற்கு மேல்நாட்டு மொழிகளில் வழங்கும் சொற்களும் அதிலிருந்தே கிளைத்தன. தமிழனோ மேற்குத் தொடர்ச்சி மலையிலிருந்து கடலை நோக்கிச் சரியும் நிலத்தில் வாழ்ந்தவனாதலின், மேலிருப்பதை மேற்கு என்றும் கீழிருப்பதைக் கிழக்கு என்றும் அழைத்தான். அவர்களுக்கு எழுச்சியின் திசை. நமக்குத் தாழ்ந்த திசை. எழுகிறவன் எப்போதும் தாழ்விலிருந்துதானே எழவேண்டும் என்று ஓர் உபதேசியார் இதைக்கொண்டே ஒரு பிரசங்கம் செய்துவிடலாம்.

அடுத்த வீட்டு அம்மாளுக்கு இதையெல்லாம் எடுத்துச் சொன்னபோது அவர் கேட்ட இரண்டாவது கேள்வி முதலாவதினும் கூர்மையானது: 'அப்படியானால் எங்களுக்கும் உங்களுக்கும் ஒன்றுதானே? எங்கள் கோயிலும் கிழக்கு பார்த்ததுதானே?' ஒன்றுதான் என்று சொல்லிச் சமரசம் செய்துகொண்டிருக்கலாம், அது சுலபம். ஆனால் உண்மை அதைவிடச் சுவையானது. ஆகம முறைப்படி அமைந்த கோயில்களில் பெரும்பாலானவற்றில் கிழக்கு நோக்கியிருப்பது மூலவர். அவரை நோக்கி நிற்கும் பக்தன் மேற்கைப் பார்க்கிறான். விலக்குகளும் உண்டு: மயிலைக் கபாலீசுவரர் மேற்கு நோக்கியும், தில்லைக் கூத்தன் தெற்கு நோக்கியும், அரங்கன் விபீஷணனுக்காக இலங்கையைப் பார்த்துத் தெற்கு நோக்கியும் இருக்கிறார்கள், எப்படியிருந்தாலும் திசை தெய்வத்தினுடையதே அன்றி பக்தனுடையதன்று. கிறிஸ்தவக் கோயிலில் இது தலைகீழாகிறது. அங்கே வாசல் மேற்கே, பீடம் கிழக்கே. கீழ்த்திசை நோக்கி நிற்பவன் மனிதன். கோயிலில் கடவுள் முன்னரே எழுந்தருளியிருக்கிறார், காண வருபவன் பக்தன். தேவாலயத்தில் மனிதன் முன்னரே வந்து நிற்கிறான், வரவேண்டியவர் கடவுள். இரண்டில் எது உயர்ந்தது என்ற வாதத்துக்குள் நான் போகவில்லை. சந்நிதி என்னும் தத்துவத்தையும் காத்திருப்பு என்னும் தத்துவத்தையும் இரண்டு சமயங்கள் ஒரே திசையைக்கொண்டு கட்டிவைத்திருக்கின்றன என்பதையே வியக்கிறேன்.

இன்னும் வியப்பு என்னவென்றால், எருசலேமிலிருந்த பழைய யூத தேவாலயம் இவ்விஷயத்தில் நம் கோயில்களுக்கே நெருங்கியது. அதன் வாசல் கிழக்கே. மகா பரிசுத்த ஸ்தலம் மேற்கே. அந்த ஆலயத்துக்கு முதுகைக் காட்டிக் கீழ்த்திசைச் சூரியனை வணங்கிய இருபத்தைந்து பேரைத் தரிசனத்தில் கண்டு எசேக்கியேல் தீர்க்கதரிசி அருவருத்தார். அதே தீர்க்கதரிசிதான் பின்னொரு தரிசனத்தில், கடவுளின் மகிமை கிழக்கு வழியாகத் திரும்பி வரக் கண்டார். எசேக்கியேல் முன்பு கண்டதை மறவாமலே பின்பு கண்டதைக் கிறிஸ்தவர்கள் பற்றிக்கொண்டார்கள்.

ஆனால் இந்த விதி எக்காலத்திலும் எவ்விடத்திலும் பிசகின்றி நடந்ததென்று சொன்னால் பொய்யாகும். ரோமாபுரியிலுள்ள இராயப்பர் பேராலயத்தில் வாசல் கிழக்கேயும் பீடம் மேற்கேயும் இருக்கின்றன. அங்கே பீடத்தின் பின்னால் நின்று பூசை செய்யும் பாப்பரசர், மக்களைப் பார்ப்பதுபோலத் தோன்றினாலும், அவர்களுக்கு மேலாகத் திறந்த வாசலின் வழியே கிழக்கையே பார்க்கிறார். மேல்நாடுகளில் பழைய ஆலயங்கள் பல நேர்கிழக்கிலிருந்து சற்றுச் சாய்ந்திருப்பதற்கு, அஸ்திவாரம் போட்டவர்கள் பாதுகாவலரான புனிதரின் திருநாளன்று சூரியன் எழுந்த புள்ளியைக் குறிவைத்தார்கள் என்று ஒரு காரணம் கூறப்படுவதுண்டு. அழகான கதை, எல்லா இடத்துக்கும் பொருந்துவதாக எனக்குத் தோன்றவில்லை. நிலத்தின் சரிவும், பழைய சுவரும், கொத்தனாரின் சோம்பலும் கூடவே வேலை செய்திருக்கும்.

சிங்கப்பூரில் வேலை செய்தது சாலையும் மனையும். எங்கள் பேட்டைக்கு அண்மையில், மேல் புக்கிட் தீமா சாலையிலுள்ள புனித சூசையப்பர் ஆலயத்தின் சரித்திரம் 1846இல் தொடங்குகிறது. காம்பியரும் மிளகும் பயிரிட்ட சீனத் தோட்டக்காரர்களுக்காக, புலி உலாவிய இந்தக் காட்டில், பாரிஸ் அந்நிய வேதபோதக சபையைச் சேர்ந்த அனதோல் மொதுயி என்னும் குரு அந்த ஆலயத்தை நிறுவினார். சூசையப்பரையே காப்பியத் தலைவராக்கித் தேம்பாவணி செய்த வீரமாமுனிவரின் தமிழைப் பேசுகிற நாங்கள் பின்னால் வந்து சேர்ந்தவர்கள். வடக்கும் தெற்குமாக ஓடும் நெடுஞ்சாலையில் ஆலயம் கட்டுகிறவருக்குச் சாலையின் கீழ்ப்புறத்தில் மனை கிடைத்தால் பீடம் தானாகவே கிழக்கே போய்விடும். மேற்புறத்தில் கிடைத்தால் வழிபாட்டு நூல்களை எவ்வளவு புரட்டினாலும் வாசல்தான் கிழக்கே விழும். இக்காலத்தில் சினிமாக் கொட்டகைகளிலும் தொழிற்பேட்டை மாடிகளிலும் கூடி ஆராதிக்கும் சபைகளுக்கு அந்த யோசனையும் இல்லை; குளிர்சாதன இயந்திரம் இருக்கும் சுவரே அவர்களுக்குப் பெரிய கவலை.

நகரத்துக்குள் இருக்கும் ஆங்கிலிக்கப் பேராலயமாகிய அந்திரேயா ஆலயம் மரபு அறிந்து கட்டப்பட்டது. 1862இல் கல்கத்தாவின் பேராயர் காட்டன் அதை அபிஷேகம் செய்தார். அதன் சுவர்களைப் பூசியவர்கள் இந்தியாவிலிருந்து தீவாந்தர சிட்சை பெற்று வந்த கைதிகள். சுண்ணாம்போடு முட்டையின் வெண்கருவையும் சர்க்கரையையும் சேர்த்து, தேங்காய் மட்டை ஊறிய நீரில் குழைத்துப் பூசி, காய்ந்தபின் பளிங்குபோல் தேய்த்து மெருகேற்றிய அந்தச் சாந்துக்கு 'மதராஸ் சுண்ணம்' என்றே பெயர். கீழ்க்கோடியிலுள்ள அரைவட்டச் சுவரில், உதயத்தின் ஒளி நுழையவேண்டிய மூன்று சாளரங்களும் ராபிள்ஸ், கிராபர்ட், பட்டர்வொர்த் ஆகிய மூன்று அதிகாரிகளின் நினைவாக அமைந்திருக்கின்றன. இராஜாதி இராஜனை எதிர்பார்த்து நிற்கும் திசையில் கும்பினி அதிகாரிகளின் பெயர்களை வைத்ததைக் குறித்து, அந்தச் சுவரைத் தேய்த்து மெருகேற்றிய நம் கைதிகள் என்ன நினைத்திருப்பார்களோ! தமிழ்க் கத்தோலிக்கருக்கென்று 1888இல் எழுந்த ஓபிர் சாலை லூர்து மாதா கோயிலில் இன்றும் தமிழ்ப் பூசை நடக்கிறது. தேக்காவில் சாமான் வாங்கிவிட்டு அங்கே போய் முழங்காலிடும் ஜனங்களில், தாம் எத்திசை நோக்கி முழங்காலிடுகிறோம் என்று பார்ப்பவர் யாரும் என் கண்ணில் பட்டதில்லை.

பீடம் எங்கே இருந்தாலும் அதையே கிழக்கு என்று பாவித்துக்கொள்வது என்ற ஏற்பாடு வெகுகாலமாகவே இருக்கிறது. வழிபாட்டுக் கிழக்கு என்று அதைச் சொல்வார்கள். மஞ்சளைப் பிடித்து வைத்துப் பிள்ளையார் என்று பாவிக்கும் நாட்டில் பிறந்தவர்களுக்கு இதில் ஆட்சேபம் இருக்க முடியாது. ஆனால் அந்தப் பாவனைக்கும் ஒரு நிபந்தனை இருந்தது: குருவும் மக்களும் ஒரே பக்கம் பார்த்து நிற்பது. இரண்டாம் வத்திக்கான் சங்கத்தை ஒட்டி, 1964க்குப் பிறகு, பீடங்கள் சுவரை விட்டு முன்னே நகர்த்தப்பட்டுக் குருவானவர் மக்களைப் பார்த்து நின்று பூசை செய்யத் தொடங்கியபோது, எங்கள் தகப்பனார் தலைமுறையினர் மகிழ்ந்தார்கள். சுவாமியார் முதுகைக் காட்டிக்கொண்டு நிற்கிறார் என்ற குறை நீங்கியது. மாலுமி தன் ஆசனத்தைத் திருப்பிப் போட்டுக்கொண்டு பிரயாணிகளோடு முகம் பார்த்துப் பேசலானான் என்று, கப்பல் உவமையை விடாதவர்கள் முணுமுணுத்தார்கள். இரு சாராரும் முழுப் பிழையல்லர் என்பதே என் அபிப்பிராயம். எனினும், நான் எந்தப் பக்கம் சாய்கிறேன் என்று கேட்டால், நற்கருணை மன்றாட்டின்போதேனும் எல்லோரும் ஒரு பக்கம் பார்த்து நிற்பதில் ஒரு கௌரவம் இருக்கிறது என்பேன். கேரளத்துச் சுரியானிக் கிறிஸ்தவர்களில் ஒரு பிரிவான சீரோ மலபார் சபையின் ஆயர்கள் 2021இல் கண்ட வழியும் இதுதான்: வாசகப் பகுதியில் குரு மக்களை நோக்கி, பலிப் பகுதியில் பீடத்தை நோக்கி. அந்த ஏற்பாட்டை ஏற்க மறுத்தோருக்கும் ஏற்றோருக்கும் எழுந்த கலகத்தில் எர்ணாகுளம் பேராலயம் 2022இன் இறுதியில் மூடப்பட்டதைப் பத்திரிகைகளில் படித்தபோது, அடுத்த வீட்டு அம்மாள் அதை அறியாதிருக்கவேண்டும் என்று மட்டும் வேண்டிக்கொண்டேன்.

மரித்தோரையும் கால்கள் கிழக்கே இருக்கும்படி கிடத்துவது பழைய வழக்கம். எழுந்து நிற்கும்போது அவர்கள் முகம் வருகிறவருக்கு எதிராக இருக்கவேண்டும் என்பதே கருத்து. எங்கள் பேட்டைக்கு மேற்கேயுள்ள சுவா சூ காங் இடுகாட்டில், 1998இல் வந்த விதிப்படி, ஒரு சரீரம் பதினைந்து ஆண்டுகளே கிடக்கலாம், அதன்பின் தோண்டியெடுக்கவேண்டும். ஊழிக்காலம்வரை காத்திருக்க வந்தவர்களுக்கு இந்நாட்டில் கிடைக்கும் தவணை அவ்வளவே. நிலம் குறைந்த தீவில் வேறு என்ன செய்வது என்று கேட்டால் என்னிடம் பதில் இல்லை. பேழைகளை ஏந்தும் அஸ்தி மாடங்கள் எல்லாத் திசையிலும் வரிசையாக நிற்கின்றன.

கோயில்கள் கட்டப்படுவதற்கு முன்பு வீடுகளில் ஜெபித்த ஆதிக் கிறிஸ்தவர்கள், கீழ்ச்சுவரில் ஒரு சிலுவையை வரைந்துவைத்து அதன் முன் நின்றார்களென்று அறிகிறோம். மனையும் சாலையும் இடம் கொடாத ஊரில், அடுக்குமாடி வீட்டுக்காரன் செய்யக்கூடியது அது ஒன்றே என்று துணிந்து, கூடத்தில் தொலைக்காட்சிப் பெட்டிக்கு மேலே வடக்குச் சுவரில் தொங்கிய எங்கள் சிலுவையை நான் கழற்றினேன். எங்கள் வீட்டின் கீழ்ச்சுவர் அடுப்பங்கரையில் இருக்கிறது. சிலுவையை அங்கே கொண்டுபோவதா என்று வீட்டில் இரண்டு நாள் விவாதம் நடந்தது. இப்போது அது ஜன்னலுக்கும் குளிர்பெட்டிக்கும் நடுவே, அரிசிப் பானைக்கு மேலே தொங்குகிறது.